மாற்று வடிவங்களில் வாழும் மொழி: ரமோன் மெனேந்தெஸ் பிதாலின் வாழ்வும் ஆய்வும்

1. முன்னுரை

ஸ்பானிய மொழி, இலக்கிய ஆய்வு வரலாற்றில் ரமோன் மெனேந்தெஸ் பிதால் (1869–1968) தலைமையான இடம் பெறுபவர். வரலாற்றிலக்கணம், கிளைமொழி ஆய்வு, மூலபாட ஆய்வு, வாய்மொழி இலக்கியம் ஆகிய நான்கு துறைகளிலும் அவர் எழுதிய நூல்கள் பின்வந்தோர்க்கு அடித்தளமாக அமைந்தன. இந்நான்கும் தனித்தனித் துறைகளாகத் தோன்றினும், அவருடைய பணியில் இவற்றை ஒரே கருத்து இணைக்கிறது. மொழியும் மரபுக் கவிதையும் மாற்று வடிவங்களிலேயே வாழ்கின்றன என்பதே அக்கருத்து. பல வடிவங்கள் நெடுங்காலம் ஒருங்கே வழங்கி, தம்முள் போட்டியிட்டு, அவற்றுள் ஒன்று மேலோங்குவதே மாற்றத்தின் இயல்பு என அவர் கண்டார்.

இக்கருத்து அவர் வாழ்வில் எவ்வாறு உருவாயிற்று, எவ்வெத்துறைகளில் பயன்பட்டது, எவ்விடங்களில் அவரே அதனைக் கைவிட்டார் என்பவற்றை இக்கட்டுரை விளக்குகிறது. பல வடிவங்களுள் ஒன்றைத் தேர்ந்து அதனையே மூலமாகக் கொள்ள வேண்டிய நிலை பதிப்பாசிரியர்க்கும் மொழிபெயர்ப்பாளர்க்கும் நாள்தோறும் நேர்வது. ஆகவே பிதாலின் வெற்றிகளைப் போலவே அவருடைய தடுமாற்றங்களும் இத்துறையினர் அறியத்தக்கவை.

2. இளமையும் முதல் ஆய்வும்

பிதால் 1869 மார்ச் 13 அன்று ஸ்பெயினின் வடமேற்கில் உள்ள லா கொருன்யா நகரில் பிறந்தார். குடும்பத்தின் பூர்விகம் அஸ்தூரியாஸ் பகுதி. அப்பகுதியின் கிளைமொழி பொதுமொழியினின்றும் தெளிவாக வேறுபடுவது. மாட்ரித் பல்கலைக்கழகத்தில் மர்செலீனோ மெனேந்தெஸ் பெலாயோவிடம் பயின்றார். பெலாயோ பரந்த இலக்கியப் புலமையாளர். ஆயினும் ஜெர்மனியிலும் பிரான்சிலும் அக்காலத்தில் வளர்ந்திருந்த ஒப்பீட்டு மொழிநூல் முறை ஸ்பானியப் பல்கலைக்கழகங்களில் அன்று வேரூன்றியிருக்கவில்லை. பிதால் அதனைப் பெரும்பாலும் நூல்கள் வாயிலாகத் தாமே கற்றார்.

‘மியோ சித் காப்பியம்’ குறித்து அவர் எழுதிய இலக்கண, சொல்லாய்வு ஸ்பானிய அரச மொழிக்கழகத்தின் போட்டியில் 1895இல் பரிசு பெற்றது. 1896இல் லாராவின் ஏழு இளவரசர் கதை பற்றிய நூல் வெளிவந்தது. பழைய வரலாற்று நூல்களின் உரைநடைக்குள் மறைந்து கிடந்த காப்பிய அடிகளை அவர் அதில் இனங்கண்டு காட்டினார். தொலைந்துபோனதாகக் கருதப்பட்ட ஓர் இலக்கியம் வேறொரு வடிவில் உயிர்வாழக்கூடும் என்னும் எண்ணம் இந்நூலிலேயே முளைவிட்டது. 1899இல் மாட்ரித் பல்கலைக்கழகத்தில் ரொமானிய மொழிநூல் பேராசிரியரானார். 1904இல் வெளிவந்த அவருடைய ஸ்பானிய வரலாற்றிலக்கணக் கையேடு பல பதிப்புகள் கண்டு, பல தலைமுறை மாணவர்களுக்குப் பாடநூலாயிற்று.

3. சலவைத் தொழிலாளி பாடிய பாடல்

1900ஆம் ஆண்டில் பிதால் மரியா கோய்ரியை மணந்தார். கோய்ரி ஸ்பானியப் பல்கலைக்கழக வகுப்புகளில் அமர்ந்து பயின்ற முதற் பெண்களுள் ஒருவர். தம் அளவில் தனித்த ஆய்வாளர். மணமக்கள் இருவரும் சித் என்னும் வீரன் நாடுகடத்தப்பட்டுச் சென்றதாகக் காப்பியம் கூறும் வழியிலேயே தம் மணப்பயணத்தை மேற்கொண்டனர். 1900 மே 28 அன்று நிகழ்ந்த சூரிய கிரகணத்தைக் காண ஓஸ்மா என்னும் ஊரில் தங்கினர். அங்கே துணி துவைக்கும் பெண்ணொருத்தியிடம் கோய்ரி ஒரு பழைய கதைப்பாடலைச் சொல்லிக்காட்டினார். தானும் அத்தகைய பாடல்களை அறிவதாகக் கூறிய அப்பெண் பாடத் தொடங்கினாள். அவள் பாடியவற்றுள் ஒன்று கத்தோலிக்க அரசர்களின் மகனான இளவரசர் ஹுவானின் மரணத்தைப் பற்றியது என்பதைக் கோய்ரி இனங்கண்டார். இளவரசர் இறந்தது 1497இல்.

இந்நிகழ்ச்சி இரு வகையில் முதன்மையுடையது. காஸ்தீல் பகுதியில் பழங்கதைப்பாடல் மரபு முற்றிலும் அற்றுப்போயிற்று என்பதே அந்நாளைய அறிஞர் கருத்து. அது தவறென ஒரே நாளில் வெளிப்பட்டது. மேலும், ஆய்வாளர் அறிந்த பழைய தொகுப்பு எதிலும் இடம்பெறாத ஒரு பாடல் நானூறு ஆண்டுகள் மக்கள் நாவில் வாழ்ந்து வந்துள்ளது. எழுத்துச் சான்று இன்மை வழக்கு இன்மைக்குச் சான்றாகாது என்னும் படிப்பினையை அவ்விருவரும் அன்று பெற்றனர்.

அன்று தொடங்கிய தொகுப்புப் பணி இருவரின் வாழ்நாள் முழுவதும் தொடர்ந்தது. வாய்மொழியில் தேடப்பட வேண்டிய பாடல்களின் வழிகாட்டிப் பட்டியலைக் கோய்ரி 1906–07இல் வெளியிட்டார். எக்குவதோர், பெரு நாடுகளின் எல்லைத் தகராற்றில் ஸ்பானிய மன்னரின் நடுவர் பணி தொடர்பாக 1905இல் தென் அமெரிக்கா சென்ற பிதால், அங்கும் கதைப்பாடல்கள் வழங்குவதைக் கண்டு பதிவு செய்தார். 1492இல் ஸ்பெயினிலிருந்து வெளியேற்றப்பட்ட யூதர்களின் வழித்தோன்றல்கள் மொராக்கோவிலும் கிழக்கு மத்தியதரைக் கடற்கரை நகரங்களிலும் பாடிவந்த பாடல்களுக்கு ஒரு விளக்கப் பட்டியல் அமைத்தார். 1920இல் கிரனாதா சென்றபோது, அங்குள்ள நாடோடி இனத்தாரிடம் பாடல் தொகுக்க அவருக்குத் துணையாய் உடன் சென்ற இளைஞர், பின்னாளில் புகழ்பெற்ற கவிஞர் ஃபெதெரீகோ கார்சியா லோர்கா.

4. நிலப்படத்தில் ஒரு பாடல்

தொகுத்த பாடல்களை அவர் ஆராய்ந்த முறை மொழியியலார் கருத்துக்குரியது. 1920இல் வெளியிட்ட ஒரு கட்டுரையில், ‘ஹெரினெல்தோ’, ‘தடைப்பட்ட திருமணம்’ ஆகிய இரு கதைப்பாடல்களின் ஏராளமான வடிவங்களை ஊர்வாரியாக நிலப்படத்தில் குறித்தார். ஒரு சொல்லின் வழக்கு எல்லையைக் கிளைமொழி ஆய்வாளர் கோடிட்டுக் காட்டுவது போலப் பாடலின் ஒவ்வொரு கூறும் வழங்கும் எல்லையை அவர் கோடிட்டுக் காட்டினார். புதிய கூறு ஒன்று ஒரு மையத்திலிருந்து பரவுவதும், பழைய கூறு ஓரப்பகுதிகளில் எஞ்சி நிற்பதும் அப்படங்களில் புலனாயின.

இதிலிருந்து அவர் பெற்ற முடிவு பின்வருமாறு: மரபுப் பாடலுக்கு ஒரு மூல வடிவமும் பல சிதைந்த படிகளும் உள்ளன என்று கருதுவது பொருந்தாது, பாடுவோர் ஒவ்வொருவரும் பெற்றதைச் சிறிதளவு மாற்றியே தருகின்றனர், அம்மாற்றங்களின் தொகுதியே பாடலின் உயிர். எழுத்திலக்கியப் பதிப்பில் பிழையென ஒதுக்கப்படும் பாடபேதம், வாய்மொழி மரபில் படைப்பாற்றலின் வெளிப்பாடாகிறது. பல ஆண்டுகளுக்குப் பின்னர் அவருடைய பேரர் தியேகோ கத்தலானும் ஆல்வரோ கால்மேசும் மிகுதியான தரவுகளைக் கொண்டு இதே இரு பாடல்களை மீண்டும் ஆராய்ந்து, 1954இல் அம்முடிவுகளை வெளியிட்டனர்.

5. ‘ஸ்பானிய மொழியின் தோற்றம்’

இதே நோக்கை மொழி வரலாற்றில் பயன்படுத்தியதன் விளைவு 1926இல் வெளிவந்த ‘ஸ்பானிய மொழியின் தோற்றம்’ என்னும் பெருநூல். 11ஆம் நூற்றாண்டு வரையிலான நில விற்பனை ஆவணங்கள், மடங்களுக்கு வழங்கப்பட்ட கொடைப் பத்திரங்கள், இலத்தீன் நூல்களின் ஓரத்திலும் வரிகளுக்கிடையிலும் எழுதப்பட்ட சொற்குறிப்புகள் ஆகியவை இதன் தரவுகள். எழுதியோர் இலத்தீனில் எழுதுவதாகவே கருதினர். ஆயினும் அவர்களுடைய பேச்சு வழக்கு எழுத்தில் கசிந்துள்ளது. அக்கசிவுகளைத் திரட்டி, ஊர் வாரியாகவும் ஆண்டு வாரியாகவும் பிதால் வகுத்துக் காட்டினார்.

ஒலிமாற்றம் விதிவிலக்கின்றி நிகழ்கிறது என்பது புத்திலக்கணத்தார் கொள்கை. பிதால் விதியை மறுக்கவில்லை. அவ்விதி நிலைபெற எடுத்துக்கொள்ளும் காலத்தையும், அக்காலத்தில் நிலவும் ஊசலாட்டத்தையும் ஆராய்ந்தார். இலத்தீனில் ‘கதவு, வாயில்’ எனப் பொருள்படும் ‘போர்ட்டா’ என்ற சொல்லின் உயிரொலி ஈருயிராகத் திரிந்தபோது ‘புவோர்தா’, ‘புவார்தா’, ‘புவெர்தா’ என மூவகை ஒலிப்புகள் தீபகற்பத்தில் வழங்கின. காஸ்தீல் பகுதி மற்றப் பகுதிகளுக்கு முன்னரே ‘புவெர்தா’ என்ற ஒலிப்பில் நிலைபெற்றது. லெயோன் பகுதியில் ஊசலாட்டம் நெடிது நீடித்தது.

‘கோட்டை’ எனப் பொருள்படும் ‘காஸ்தியெல்யோ’ என்ற வடிவம் ‘காஸ்தில்யோ’ ஆனது மற்றோர் எடுத்துக்காட்டு. புதிய ஈறு பூர்கோஸ் பகுதி ஆவணங்களில் 10ஆம் நூற்றாண்டிலேயே தலைகாட்டுகிறது. இலக்கிய மொழியோ 14ஆம் நூற்றாண்டு வரையில் பழைய ஈற்றையே பெரிதும் கையாண்டது. இடைப்பட்ட நூற்றாண்டுகளில் புதிய வடிவம் மக்கள் பேச்சில் வாழ்ந்தும் எழுத்தில் தாழ்ந்தும் இருந்தது.

சொல் முதல் ‘ஃப்’ ஒலியின் வரலாறும் இத்தகையதே. ‘மாவு’ எனப் பொருள்படும் ‘ஃபரீனா’ முதலில் ‘ஹரீனா’ ஆகி, இன்று ‘அரீனா’ என ஒலிக்கப்படுகிறது. இதன் தொடக்கச் சான்றுகள் பாஸ்கு மொழிப் பகுதியை அடுத்த வடபுலத்தில் கிடைக்கின்றன. பாஸ்கு மொழியில் தொடக்கத்தில் ‘ஃப்’ ஒலி இல்லை. எனவே, இம்மாற்றத்திற்கு அடித்தள மொழியின் தாக்கமே காரணம் என அவர் வாதிட்டார். இவ்விளக்கத்தை ஏற்பாரும் மறுப்பாரும் இன்றும் உளர். ஆயினும், சிறு நிலப்பகுதியில் பல நூற்றாண்டுகள் ஒடுங்கியிருந்த ஒரு வழக்கு, அரசியல் மேலாண்மையின் துணையோடு பொதுமொழியாகப் பரவியது என்ற வரலாற்று விளக்கம் பெரிதும் நிலைபெற்றுள்ளது.

இவ்வாறு ஆவணங்களில் அரிதாகவே தென்பட்டு, மக்கள் வழக்கில் நெடுங்காலம் தொடரும் நிலையை அவர் ‘உறைநிலை’ என்னும் பொருள்படப் பெயரிட்டழைத்தார். ஓஸ்மாவில் கேட்ட பாடலும் பூர்கோஸ் ஆவணத்தின் ஈறும் அவர் நோக்கில் ஒரே வகை நிகழ்வுகள்.

6. பதிப்பாசிரியரின் துணிவு

1908 முதல் 1911 வரை மூன்று தொகுதிகளாக வெளிவந்த ‘மியோ சித் காப்பிய’ப் பதிப்பு அவருடைய மூலபாட ஆய்வின் உச்சம். இக்காப்பியத்திற்கு 3,700க்கும் மேற்பட்ட அடிகள் கொண்ட ஒரே சுவடியே கிடைத்துள்ளது. முதல் ஏடும் உள்ளே இரண்டு ஏடுகளும் இல்லை. சுவடி அக்காலத்தில் அவருடைய தாய்வழி உறவினரான பிதால் குடும்பத்தார் வசம் இருந்தது; 1960இல் ஓர் அறக்கட்டளை அதனை விலைக்கு வாங்கி நாட்டுக்கு அளித்தது.

பதிப்பில் சுவடி உள்ளவாறே எழுத்தெழுத்தாகப் படியெடுத்த பாடத்தையும், தாம் திருத்தியமைத்த பாடத்தையும் பிதால் தனித்தனியே தந்தார். இலக்கணமும் சொல்லடைவும் உடன் அமைந்தன. திருத்திய பாடத்தில் அவர் காட்டிய துணிவு பெரிது. தொலைந்த தொடக்கப் பகுதியைப் பிற்கால வரலாற்று நூலொன்றின் உரைநடை கொண்டு நிரப்பினார். அடியீற்று உயிரொலி இயைபு பொருந்தாத இடங்களில் சொற்களைப் பழைய வடிவிற்கு மாற்றினார். ‘வெ’ என்னும் ஈருயிர் உடைய சொற்கள் ‘ஓ’ என்னும் உயிருடைய சொற்களோடு இயைவதைக் கண்டு, ஆசிரியரின் ஒலிப்பு ‘வோ’ என்றே இருந்திருக்கும் எனக் கொண்டு அச்சொற்களைத் திருத்தினார். மொழியியல் நோக்கில் இது நுட்பமான ஊகம். பதிப்பு நோக்கிலோ சுவடியில் இல்லாத ஒன்றை அச்சில் ஏற்றுவதாகும்.

காலக் கணிப்பிலும் இத்துணிவு வெளிப்பட்டது. சுவடியின் இறுதியில் பேர் அபாத் என்பவர் இதனை எழுதியதாகக் கூறும் குறிப்பில் உள்ள ஆண்டு, இன்றைய கணக்கில் 1207. எண்களுக்கிடையே ஓர் எழுத்து சுரண்டப்பட்டிருக்கலாம் எனக் கருதிய பிதால் அதனை 1307 எனக் கொண்டார். அவ்விடத்தில் அத்தகைய எழுத்து இருந்ததில்லை என்பதே பிற்கால ஆய்வாளரின் முடிவு. கிடைத்துள்ள சுவடி 14ஆம் நூற்றாண்டுப் படி என்றும், அக்குறிப்பு அதன் மூலத்திலிருந்து படியெடுக்கப்பட்டது என்றும் அவர்கள் கொள்கின்றனர். காப்பியம் 1140ஆம் ஆண்டளவில் இயற்றப்பட்டது என்பது பிதால் கருத்து. பின்வந்தோருள் பெரும்பாலார் அதனை 1200ஆம் ஆண்டை ஒட்டி வைக்கின்றனர். மங்கிய எழுத்துக்களை வாசிக்க அவருக்கு முன்பு சிலரும், பின்னர் அவரும் வேதிப்பொருள்களைப் பூசினர். அப்பூச்சு பட்ட இடங்கள் காலப்போக்கில் கறுத்துவிட்டன. பின்வந்தோர்க்காகப் பாடத்தை மீட்க முனைந்த கையே அவர்கள் வாசிக்க வேண்டிய ஏட்டைக் கறைப்படுத்தியது.

எனினும், படியெடுத்த பாடத்தை அவர் தனியே தந்தமையால்தான் அவருடைய திருத்தங்களைப் பின்வந்தோர் சோதித்து மறுக்க முடிந்தது. தம் ஊகத்தையும் தரவையும் கலவாமல் பிரித்து வைத்த நேர்மை இப்பதிப்பின் நிலைத்த சிறப்பு.

1928இல் வெளியிட்ட ‘பழங்கதைப்பாடல்களின் புதுமலர்’ என்னும் தொகுப்பில் இப்பிரிவினை காணப்படவில்லை. பொதுவாசகர்க்கென அமைந்த இந்நூலில், பல வடிவங்களிலிருந்தும் சிறந்தனவாகத் தமக்குத் தோன்றிய அடிகளை எடுத்து இணைத்து, ஒவ்வொரு பாடலுக்கும் ஒரு வடிவத்தை அவரே உருவாக்கினார். மரபில் பாடுவோர் ஒவ்வொருவர்க்கும் உள்ள உரிமை தமக்கும் உண்டு என்பது அவர் கூறிய நியாயம். நூல் பெரும்புகழ் பெற்றது. ஆயினும் இதிலுள்ள பாடல் எதனையும் குறிப்பிட்ட ஓர் ஊரில் ஒருவர் பாடியதாகக் கொள்ள இயலாது. இத்தொகுப்பை மூலமாகக் கொண்டு மொழிபெயர்ப்பவர், பிதாலின் படைப்பையே மொழிபெயர்க்கிறார் என்பதை உணர்தல் வேண்டும்.

7. நிறுவனமும் சிதைவும்

1910இல் மாட்ரிதில் வரலாற்றாய்வு மையம் நிறுவப்பட்டபோது பிதால் அதன் தலைமையை ஏற்றார். 1914இல் ‘ஸ்பானிய மொழிநூல் இதழ்’ தொடங்கப்பட்டது. தோமாஸ் நவாரோ தோமாஸ், அமெரிக்கோ காஸ்த்ரோ, அமாதோ அலோன்சோ, தமாசோ அலோன்சோ, ரஃபாயேல் லபேசா முதலியோர் அம்மையத்தில் உருவாயினர். 1925இல் பிதால் அரச மொழிக்கழகத்தின் இயக்குநராகத் தேர்ந்தெடுக்கப்பெற்றார். ஐபீரியத் தீபகற்ப மொழி நிலப்படத்திற்கான களப்பணி நவாரோ தோமாசின் மேற்பார்வையில் 1931இல் தொடங்கியது.

1936இல் மூண்ட உள்நாட்டுப் போர் இவற்றைக் குலைத்தது. அவ்வாண்டு டிசம்பரில் பிதால் நாட்டை விட்டு வெளியேறி, பிரான்ஸ், கியூபா, அமெரிக்க ஐக்கிய நாடுகள் எனப் பல இடங்களில் பணியாற்றினார். கோய்ரி ஃபிராங்கோ தரப்பினர் வசமிருந்த செகோவியாவில் தங்க நேர்ந்தது. 1939இல் பிதால் நாடு திரும்பியபோது அவர் நிறுவிய மையம் கலைக்கப்பட்டிருந்தது. காஸ்த்ரோ, நவாரோ தோமாஸ் முதலியோர் அயலகம் சென்றிருந்தனர். அவரும் மொழிக்கழக இயக்குநர் பொறுப்பிலிருந்து விலகினார். நவாரோ தோமாஸ் நியூயார்க்கிற்குத் தம்முடன் கொண்டு சென்ற களக்குறிப்பேடுகள் 1951இல் ஸ்பெயினுக்குத் திரும்பின. மொழி நிலப்படத்தின் முதல் தொகுதி 1962இல் வெளிவந்தது. திட்டமிட்ட பிற தொகுதிகள் அவ்வரிசையில் அச்சேறவில்லை.

அயலகம் சென்ற உறுப்பினர்களை நீக்குமாறு 1941இல் அரசு ஆணையிட்டது. ஆயினும் மொழிக்கழகம் அவ்விருக்கைகளை வேறெவர்க்கும் வழங்கவில்லை. 1947இல் பிதால் மீண்டும் இயக்குநரான பின்னும் அந்நிலையே தொடர்ந்தது. 1936இல் தேர்ந்தெடுக்கப்பெற்ற சல்வதோர் தெ மதரியாகா நாற்பது ஆண்டுகள் கழித்து, 1976இல் தம் ஏற்புரையை நிகழ்த்தித் தம் இருக்கையில் அமர்ந்தார்.

8. விவாதங்களும் மதிப்பீடும்

காப்பியங்கள் தனிக்கவிஞர் படைப்புகள் எனப் பிரெஞ்சு அறிஞர் ஜோசப் பெதியே வாதிட்டார். தலைமுறைதோறும் பலர் பாடி மாற்றியமைத்த மரபின் விளைவே காப்பியம் எனப் பிதால் மறுத்தார். 1950களில் தமாசோ அலோன்சோ வெளியிட்ட ஒரு சிறு இலத்தீன் குறிப்பு அவருக்கு வலுச் சேர்த்தது. சான் மில்யான் மடத்துச் சுவடியில் 11ஆம் நூற்றாண்டில் எழுதப்பட்ட அக்குறிப்பு, இன்று கிடைக்கும் ரோலாந்து காப்பியச் சுவடிகளுக்கு முன்னரே அக்கதை வழங்கியதைக் காட்டியது. 1959இல் பிதால் தம் தொண்ணூறாம் வயதில் ரோலாந்து காப்பியம் பற்றிய நூலை வெளியிட்டார்.

உறைநிலைக் கொள்கைக்கு எதிரான தடை எளிதில் புறக்கணிக்கத்தக்கதன்று. சான்று இல்லாத இடத்திலெல்லாம் உறைநிலையைக் கற்பித்தால் எக்கூற்றையும் மெய்ப்பிக்க இயலும். எதனையும் பொய்ப்பிக்க இயலாது. ஓஸ்மாவின் பாடலுக்கு 1900இல் பாடியவர் இருந்தார். புதிய ஈற்றிற்குச் சிதறிய ஆவணங்கள் உள்ளன. இரு முனையிலும் சான்று உள்ளவிடத்தே இடைவெளியை உறைநிலையால் விளக்குவது பொருந்தும்.

காஸ்தீலை நாட்டின் உருவாக்க ஆற்றலாகவும் ஏனைய பகுதிகளை அதன் துணையாகவும் நோக்கும் போக்கு, 1929இல் வெளிவந்த ‘சித் காலத்து ஸ்பெயின்’ முதலிய நூல்களில் காணப்படுகிறது. அமெரிக்கப் பழங்குடியினர்க்காக வாதாடிய பாதிரியார் லாஸ் காசாஸ் பற்றி 1963இல் எழுதிய நூலில், அவருடைய குற்றச்சாட்டுகளை மனநோயின் விளைவாகவே பிதால் விளக்கினார். இது கடும் கண்டனத்திற்குள்ளாயிற்று. பாடலின் ஆயிரம் வடிவங்களுக்கும் செவிகொடுத்தவர், நாட்டு வரலாற்றின் மாறுபட்ட ஒரு குரலுக்கு அச்செவியை அளிக்கவில்லை.

9. முடிவுரை

பிதால் 1968 நவம்பர் 14 அன்று, நூறாண்டு நிறைய நான்கு மாதங்கள் இருக்கையில், மாட்ரிதில் மறைந்தார். அவர் நிறைவு செய்யாமல் விட்ட ஸ்பானிய மொழி வரலாற்றை 2005இல் தியேகோ கத்தலான் இரு தொகுதிகளாகப் பதிப்பித்தார்.

அவருடைய முடிவுகளுள் பல திருத்தப்பட்டுள்ளன. திருத்துவதற்கு வேண்டிய தரவுகளைத் திரட்டி வைத்தவரும் அவரே. வடிவங்களைத் திரட்டி, எங்கே, எப்போது, எவர் வாயில் கேட்கப்பட்டவை எனக் குறித்து வைத்த இடங்களில் அவர் பணி இன்றும் பயன்படுகிறது. அவற்றுள் ஒன்றையே மூலமென நிறுவ முயன்ற இடங்களில் அது ஐயத்திற்குள்ளாகியுள்ளது. பதிப்பாசிரியரும் மொழிபெயர்ப்பாளரும் ஒரு வடிவத்தைத் தேர்ந்தே ஆக வேண்டும். தேர்ந்தது எதுவென்றும், விடுபட்டவை எவையென்றும் வாசகர்க்கு அறிவித்தல் அவர்களுடைய கடமை. சித் காப்பியப் பதிப்பில் பிதால் அக்கடமையை நிறைவேற்றினார். ‘புதுமல’ரில் அதனைத் தளர்த்தினார். இவ்விரு நூல்களையும் அருகருகே வைத்துக் கற்பது இத்துறையில் பயில்வோர்க்குப் பயனளிக்கும்.